சோம்பி பலகை விளையாட்டு விரிவாக்கங்கள்

சோம்பி பலகை விளையாட்டு விரிவாக்கங்கள் என்பன, சோம்பிகள் எனப்படும் நடமாடும் பிணங்களிடம் இருந்து தப்பிப் பிழைப்பதைக் கருவாகக் கொண்ட பலகை விளையாட்டுகளுக்கு, அவற்றின் அடிப்படைப் பொதி வெளிவந்த பின்னர் தனியே விற்கப்படும் துணைப் பொதிகள் ஆகும். புதிய நிலத்துண்டுகள், சீட்டுகள், நெகிழிப் பொம்மைகள், கதைமாந்தர்கள், விதிகள் ஆகியவற்றுள் ஒன்றோ பலவோ இவற்றில் இருக்கும். பெரும்பாலானவற்றை அடிப்படைப் பொதி இல்லாமல் ஆட இயலாது. சில, தனித்தும் ஆடலாம், பழைய பொதியுடன் சேர்த்தும் ஆடலாம் என்ற வகையில் அமைக்கப்பட்டுள்ளன.

சதுரங்கம் போன்ற விளையாட்டில் காய்களின் எண்ணிக்கையும் கட்டங்களும் மரபால் நிலைபெற்றுவிட்டவை. இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் வணிக நோக்கில் வடிவமைக்கப்பட்ட விளையாட்டுகள் அவ்வாறு இல்லை. 1977 இல் வெளிவந்த காஸ்மிக் என்கவுண்டர் என்னும் விளையாட்டுக்கே தொடர்ச்சியாகப் பல விரிவாக்கங்கள் வெளியிடப்பட்டன. ஆயினும் சோம்பி விளையாட்டுகளில் விரிவாக்கம் ஒரு தனிச் சிக்கலை எழுப்புகிறது. இவ்வகை விளையாட்டுகளின் சுவை பற்றாக்குறையில் தங்கியுள்ளது. தோட்டா போதாது, நேரம் போதாது, ஓடி ஒளிய இடம் போதாது. விரிவாக்கமோ இயல்பாகவே எல்லாவற்றையும் கூடுதலாகக் கொண்டுவருகிறது. கூடுதலாக வரும் பொருள் பற்றாக்குறையைக் குலைக்கிறதா, புதியதொரு பற்றாக்குறையை உண்டாக்குகிறதா என்பதைக் கொண்டே இப்பொதிகளின் தரம் பெரும்பாலும் அமைகிறது.

பின்னணி

இன்றைய சோம்பி உருவத்தின் மூலம் ஜார்ஜ் ரொமேரோ இயக்கி 1968 இல் வெளிவந்த நைட் ஆஃப் தி லிவிங் டெட் என்னும் அமெரிக்கத் திரைப்படம் ஆகும். அப்படத்தில் சோம்பி என்ற சொல் பயன்படுத்தப்படவில்லை என்பது குறிப்பிடத்தக்கது. படச்சுருள்களில் பதிப்புரிமை அறிவிப்பு விடுபட்டுப் போனதால் அப்படம் அமெரிக்காவில் பொதுவுடைமை ஆயிற்று. மெதுவாக நடந்துவரும் பிணக்கூட்டம், பூட்டிய வீட்டுக்குள் சிக்கிய மனிதர்கள் என்ற அமைப்பை எவரும் எடுத்தாள முடிந்ததற்கு இதுவும் ஒரு காரணம் எனலாம். ரொமேரோவின் அடுத்த சோம்பிப் படமான டான் ஆஃப் தி டெட் 1978 இல் வெளிவந்தது. பேரங்காடி ஒன்றினுள் நிகழும் இக்கதையைத் தழுவி எஸ்பிஐ என்னும் போர் விளையாட்டு நிறுவனம் அதே ஆண்டில் ஒரு பலகை விளையாட்டையும் வெளியிட்டது. பிற்காலத்து விரிவாக்கங்களில் பேரங்காடி மீண்டும் மீண்டும் இடம்பெறுவதற்கு இப்படமே காரணம்.

சோம்பீஸ்!!!

விரிவாக்கங்களாலேயே பெயர்பெற்ற முதல் சோம்பி விளையாட்டு, டாட் பிரைட்டன்ஸ்டைன் வடிவமைத்து ட்வைலைட் கிரியேஷன்ஸ் நிறுவனம் 2001 இல் வெளியிட்ட சோம்பீஸ்!!! ஆகும். பெயரில் உள்ள மூன்று வியப்புக்குறிகளும் பெயரின் பகுதியே. ஒவ்வோர் ஆட்டக்காரரும் தமது முறையில் ஒரு நிலத்துண்டை எடுத்து மேசையில் வைக்க, நகரம் தெருத் தெருவாக வளர்ந்துகொண்டே போகும். அத்துடன் சிறிய நெகிழிச் சோம்பிகளும் தெருக்களில் நிரம்பும். அடிப்படைப் பொதியில் 100 சோம்பிகள் உண்டு. பகடையில் 4, 5, 6 விழுந்தால் சோம்பி வீழும். குறைவாக விழுந்தால் தோட்டாவைச் செலவிட்டு எண்ணை உயர்த்தலாம், இல்லையேல் ஓர் உயிர் போகும். உலங்கு வானூர்தித் தளத்தை முதலில் அடைபவரோ 25 சோம்பிகளை வீழ்த்துபவரோ வெற்றி பெறுவார். இறந்தவர் ஆட்டத்தில் இருந்து நீங்குவதில்லை. சேர்த்த சோம்பிகளில் பாதியை இழந்து நகரின் நடுவில் இருந்து மீண்டும் தொடங்குவார்.

இதன் விரிவாக்கங்கள் எண்ணிட்டு வெளிவந்தன. 2002 இல் வந்த இரண்டாம் பொதி ஒரு படைத்தளத்தையும், இருளில் ஒளிரும் நெகிழியால் செய்யப்பட்ட வலிமை மிக்க சோம்பிகளையும் சேர்த்தது. 2003 இல் வந்த மூன்றாவது, எதிர்பார்த்தபடியே, பேரங்காடி. தொடர்ந்து கல்லூரி வளாகம், நகரின் அடியில் உள்ள சுரங்கப் பாதைகள், கோமாளிச் சோம்பிகள் நிறைந்த சர்க்கசு, சிறைச்சாலை, விலங்குக் காட்சிச்சாலை எனப் பொதிகள் நீண்டன. இவற்றுக்கு இடையே 3.5 என்றும் 6.66 என்றும் பின்ன எண் தாங்கிய பொதிகளும் உண்டு. நான்காவது பொதியான தி எண்ட் தனித்து ஆடத்தக்கது. அதில் நகரத்துக்குப் பதிலாகக் காடும், மனிதச் சோம்பிகளுக்குப் பதிலாக நாய்ச் சோம்பிகளும் உள்ளன. நூறு சோம்பிகளும் போதவில்லை என்போருக்காக வெறும் சோம்பிகள் மட்டும் அடங்கிய பைகளும் விற்கப்பட்டன.

இத்தொடரில் விரிவாக்கத்தின் இடர்ப்பாடு தெளிவாகத் தெரிகிறது. உலங்கு வானூர்தித் தளம் நிலத்துண்டு அடுக்கின் அடிப்பகுதியில் வைக்கப்படுவது. அடுக்கு பெருத்தால் அது வெளிப்படும் நேரமும் தள்ளிப்போகும். மூன்று பொதிகளை ஒன்றாகக் கலந்து ஆடுவோர், ஒரு மாலைப்பொழுதில் முடிய வேண்டிய ஆட்டத்தை நள்ளிரவு வரை இழுக்க நேரிடும். இதைவிட நுட்பமான சிக்கல் ஒன்று சீட்டுகளில் உள்ளது. ஆயுதச் சீட்டுகள் பலவற்றைக் குறிப்பிட்ட கட்டிடத்தில் நின்றே பயன்படுத்தத் தொடங்க வேண்டும். தீயணைப்புக் கோடரிக்குத் தீயணைப்பு நிலையமும், மரம் அறுக்கும் எந்திர ரம்பத்துக்குத் தோட்டப் பொருள் அங்காடியும் தேவை. புதிய பொதிகளின் இடங்கள் அடுக்கின் ஆழத்தில் கிடக்கும்போது அவற்றுக்கு உரிய சீட்டுகள் மட்டும் கைக்கு வந்துவிட்டால், அவை வெறும் அட்டைகளே. கையில் மூன்று சீட்டுகள் மட்டுமே வைத்திருக்கலாம் என்பதால் இந்த அடைப்பு ஆட்டத்தை மந்தப்படுத்துகிறது. எனவே பட்டறிவு மிக்க ஆட்டக்காரர்கள் எல்லாப் பொதிகளையும் கலக்காமல், ஓர் ஆட்டத்துக்கு ஒரு பொதி என்று எடுத்துக்கொள்வதும், கூடவே நிலத்துண்டுகளில் சிலவற்றை நீக்கிவிடுவதும் உண்டு.

லாஸ்ட் நைட் ஆன் எர்த்

ஜேசன் ஹில் வடிவமைத்து ஃபிளையிங் ஃபிராக் நிறுவனம் 2007 இல் வெளியிட்ட இவ்விளையாட்டில் ஒரு தரப்பினர் நால்வர் அடங்கிய வீரர் குழுவாகவும், மறு தரப்பினர் சோம்பிகளாகவும் ஆடுவர். ஓவியங்களுக்கு மாறாக, வேடமிட்ட நடிகர்களின் ஒளிப்படங்களே சீட்டுகளில் இடம்பெற்றன. பின்னணி இசைத் தட்டு ஒன்றும் பொதியில் இருந்தது. மலிவான திகில் திரைப்படத்தின் சாயலை வேண்டுமென்றே கொண்டுவந்த விளையாட்டு இது.

இதன் பற்றாக்குறை நேரம் ஆகும். வீரர் ஒருவர் தமது முறையில் நகரலாம், அல்லது தாம் இருக்கும் கட்டிடத்தில் பொருள் தேடலாம். இரண்டும் ஒருசேர இயலாது. சண்டையில் வீரருக்கு இரு பகடைகள், சோம்பிக்கு ஒன்று. ஆனால் சமமாக விழுந்தால் வெற்றி சோம்பிக்கே. வீரர் வென்றாலும் சோம்பி பின்வாங்குமே தவிர இறக்காது. இரு பகடைகளிலும் ஒரே எண் விழுந்து வென்றால்தான் இறக்கும்.

2008 இல் வந்த குரோயிங் ஹங்கர் விரிவாக்கம் புதிய வீரர்களையும், நகரத்தின் புதிய பகுதிகளையும், 7 சிவப்புச் சோம்பிகளையும் தந்தது. அடிப்படைப் பொதியில் இரு நிறங்களில் 14 சோம்பிகளே இருந்தன என்பதால் இது சிறு மாற்றம் அன்று. 2010 இல் சர்வைவல் ஆஃப் தி ஃபிட்டஸ்ட் வெளிவந்தது. அதே ஆண்டில் இந்நிறுவனம் வெளியிட்ட செவ்வாய்க் கோளினர் படையெடுப்பு விளையாட்டையும் இதனுடன் இணைத்து ஆட வழி செய்யப்பட்டது. 2012 இல் வந்த டிம்பர் பீக் தனித்து ஆடத்தக்கது. அதில் தீ பரவும் விதியும், வீரர்கள் பட்டறிவு ஈட்டித் திறன் பெறும் விதியும் சேர்க்கப்பட்டன.

சோம்பிசைட்

இவ்வகையில் மிகுதியான விரிவாக்கங்களைக் கொண்டது சோம்பிசைட் ஆகும். பிரான்சைச் சேர்ந்த ராஃபாயேல் கித்தோன், ழான் பாப்டிஸ்ட் லுல்லியன், நிக்கோலா ராவூல் ஆகிய மூவர் வடிவமைத்த இவ்விளையாட்டுக்கு 2012 இல் கிக்ஸ்டார்ட்டர் தளத்தின் வழியே நிதி திரட்டப்பட்டது. இதில் ஆட்டக்காரர் எவரும் சோம்பியாக ஆடுவதில்லை. எல்லோரும் ஒரே அணி. சோம்பிகள் விதிகளின்படி தாமே இயங்கும். அடிப்படைப் பொதியில் 6 தப்பிப்பிழைத்தவர்களும் 65 சோம்பிகளும் உண்டு. சோம்பிகளில் நடப்பவை 40, ஓடுபவை 16, பருத்தவை 8, அருவருப்பு எனப்படும் பெரும் உரு 1.

இரு விதிகள் இவ்விளையாட்டின் உயிர்நாடி. ஒருவர் சோம்பிகளைக் கொல்லக் கொல்லப் புள்ளிகள் சேரும். 7 புள்ளிகளில் மஞ்சள் நிலை, 19 இல் ஆரஞ்சு, 43 இல் சிவப்பு. நிலை உயர உயர அவருக்குத் திறன்கள் கிடைக்கும். அதே வேளையில், வெளிவரும் சோம்பிகளின் அளவு குழுவிலேயே உயர்ந்த நிலையில் உள்ளவரைக் கொண்டு தீர்மானிக்கப்படும். ஒருவர் மட்டும் வீரம் காட்டி முன்னேறினால், பின்தங்கிய மற்றவர்கள் தம் வலிமைக்கு மிஞ்சிய கூட்டத்தை எதிர்கொள்ள வேண்டியிருக்கும். இரண்டாவது விதி பொம்மைகளைப் பற்றியது. ஒரு வகைச் சோம்பியை மேசையில் வைக்க வேண்டிய நேரத்தில் அவ்வகைப் பொம்மை பெட்டியில் தீர்ந்துபோயிருந்தால், மேசையில் உள்ள அவ்வகைச் சோம்பிகள் அனைத்தும் உடனே கூடுதலாக ஒருமுறை இயங்கும். பொம்மைகளின் எண்ணிக்கை வெறும் உற்பத்திச் செலவு பற்றிய செய்தி அன்று. அது விளையாட்டின் கடுமையைத் தீர்மானிக்கும் அளவு.

இதனால் வியப்பான விளைவு ஒன்று ஏற்படுகிறது. சோம்பிப் பொம்மைகள் மட்டுமே அடங்கிய பெட்டிகளும் விற்கப்பட்டன. அச்சத்தைக் கூட்டும் என்று எண்ணி அவற்றை வாங்கிச் சேர்ப்பவர், பொம்மை தீரும் நிலையை அரிதாக்கிவிடுகிறார். கூடுதல் இயக்கம் அரிதாவதால் விளையாட்டு முன்பைவிட எளிதாகிவிடலாம். எட்டே எட்டுப் பருத்த சோம்பிகள் இருந்தபோது ஒன்பதாவது வருமோ என்று நிலவிய நடுக்கம், பதினாறு இருக்கும்போது இல்லை.

2013 இல் நிதி திரட்டி வெளியிடப்பட்ட இரண்டாம் பருவப் பொதிகள் இக்குறையை வேறு வகையில் நிரப்பின. தனித்து ஆடத்தக்க பிரிசன் அவுட்பிரேக் பொதியில் வெறியுற்ற சோம்பிகள் அறிமுகமாயின. இவற்றைத் துப்பாக்கியால் கொல்ல இயலாது. அருகில் சென்று கைக்கருவியால்தான் வீழ்த்த வேண்டும். டாக்சிக் சிட்டி மால் விரிவாக்கத்தின் நச்சுச் சோம்பிகளோ இதற்கு நேர்மாறு. அருகில் நின்று வெட்டினால் தெறிக்கும் நச்சுக் குருதி வெட்டியவரையும் உடன் நிற்பவர்களையும் காயப்படுத்தும். தொலைவில் இருந்து சுடுவதே நல்லது. இரண்டையும் ஒன்றாகக் கலந்தால், கையில் உள்ள எந்த ஆயுதமும் எல்லாவற்றுக்கும் போதாது என்ற நிலை தோன்றுகிறது. அடிப்படைப் பொதியில் நல்ல துப்பாக்கி ஒன்று கிடைத்துவிட்டால் ஆட்டத்தின் எஞ்சிய பகுதி எளிதாகிவிடும். இவ்விரு பொதிகளும் சேர்ந்தபின் அவ்வாறு ஒரே கருவியை நம்பி இருக்க இயலவில்லை. பொம்மைகளின் அழகைக் காட்டிலும் இந்த எதிரெதிர்ச் சமன்பாடே இவற்றின் சிறப்பு எனலாம். இறந்த வீரர் பாதிச் சோம்பியாக எழுந்து தோழர்களுக்குத் துணையாகத் தொடர்ந்து ஆடும் விதியும் இப்பருவத்தில் வந்தது. தொடக்கத்திலேயே இறந்தவர் ஆட்டம் முடியும்வரை வேடிக்கை பார்க்க வேண்டியிருந்த குறை இதனால் நீங்கியது.

மூன்றாம் பருவத்தின் ரூ மார்க் மருத்துவமனையைக் களமாகக் கொண்டது. இதில் ஆட்டக்காரர்கள் அணிகளாகப் பிரிந்து ஒருவரையொருவர் எதிர்க்கவும் இயலும். ஆங்கிரி நெய்பர்ஸ் விரிவாக்கம் துணை மாந்தர்களைத் தந்தது. நாய்ச் சோம்பிகளுக்கும் தனிப் பெட்டி உண்டு.

2015 இல் நிதி திரட்டப்பட்ட பிளாக் பிளேக், கதையை இடைக்கால ஐரோப்பிய மாயக்கதை உலகுக்கு மாற்றியது. முன்னைய விதிகளில் மிகுந்த எதிர்ப்புக்கு உள்ளான ஒன்று இதில் திருத்தப்பட்டது. முதற்பதிப்பின்படி, தோழர் நிற்கும் இடத்தை நோக்கிச் சுட்டால் தோட்டா முதலில் தோழர் மீதே பாயும். அதன் பின்னரே சோம்பிகள் மீது. குறிபார்த்துச் சுடுபவர் தோழரைத் தவறாமல் கொல்வது நகைப்புக்கு இடமாயிற்று. பிளாக் பிளேக் பொதியில் குறி தவறியவை மட்டுமே தோழரைத் தாக்கும். இதன் வுல்ஃப்ஸ்பர்க் விரிவாக்கம் ஓநாய்ச் சோம்பிகளையும், பல அடுக்குக் கோபுரங்களையும் சேர்த்தது. 2017 இல் கிரீன் ஹோர்ட், 2018 இல் விண்வெளியைக் களமாகக் கொண்ட இன்வேடர் ஆகியவற்றுக்கு நிதி திரட்டப்பட்டது. 2019 இல் முதல் விளையாட்டின் இரண்டாம் பதிப்புக்கு நிதி திரட்டப்பட்டு, வாஷிங்டன் இசட்.சி., ஃபோர்ட் ஹென்ட்ரிக்ஸ் ஆகிய விரிவாக்கங்களும் அதனுடன் வந்தன. ரொமேரோவின் 1968 ஆம் ஆண்டுப் படத்தைத் தழுவிய சோம்பிசைட் பதிப்பு ஒன்றும் உண்டு. இவ்வகையில் இவ்விளையாட்டு தனது மூலத்துக்கே திரும்பிச் சென்றது.

டெட் ஆஃப் வின்டர்

ஜான் கில்மோர், ஐசக் வேகா ஆகியோர் வடிவமைத்து பிளெய்ட் ஹாட் நிறுவனம் 2014 இல் வெளியிட்ட இவ்விளையாட்டில் சோம்பிகள் ஏறத்தாழப் பின்னணி மட்டுமே. கடுங்குளிரில் ஒரு குடியிருப்பைக் காத்து உணவு சேர்க்க வேண்டியதே பொது நோக்கம். ஆயின் ஒவ்வொருவருக்கும் மறைவான தனி நோக்கம் ஒன்று உண்டு, அவர்களுள் ஒருவர் துரோகியாகவும் இருக்கலாம். நாற்சந்திச் சீட்டுகள் எனத்தக்கவை இதன் புதுமை. ஒருவர் ஆடும்போது அவருக்கு அருகில் இருப்பவர் ஒரு சீட்டை எடுத்து மனத்துக்குள் படித்து வைத்திருப்பார். சீட்டில் குறித்த செயலை ஆடுபவர் தற்செயலாகச் செய்துவிட்டால், உடனே சீட்டை உரக்கப் படித்து அவரை ஓர் இக்கட்டான முடிவுக்கு உள்ளாக்குவார்.

இத்தகைய விளையாட்டில் பொம்மைகளைப் பெருக்குவதால் பயன் இல்லை. ஒருமுறை படித்த கதை மறுமுறை வியப்பளிப்பதில்லை என்பதால் புதிய சீட்டுகளே இதற்கு வேண்டியவை. 2016 இல் வந்த தி லாங் நைட் தனித்து ஆடத்தக்க பொதியாகப் புதிய நாற்சந்திச் சீட்டுகளுடன், கொள்ளையர் கூட்டத்தையும், ராக்சன் என்னும் மருந்து நிறுவனக் கட்டிடத்தையும், குடியிருப்பை மேம்படுத்தும் வழிகளையும் தந்தது. 2017 இல் வந்த வாரிங் காலனீஸ், இரு குடியிருப்புகளை ஒன்றுக்கொன்று எதிராக நிறுத்தி 11 பேர் வரை ஆட வழி செய்தது. மனிதர்க்கு மனிதர் அஞ்ச வேண்டும் என்ற அடிப்படைக் கருத்தின் இயல்பான வளர்ச்சி இது. ஆயினும் அத்தனை பேரைச் சேர்த்து உட்கார வைப்பதே பலருக்கு இயலாத செயல்.

விற்பனை முறை மாற்றம்

சோம்பீஸ்!!! காலத்தில் விரிவாக்கம் என்பது அடிப்படைப் பொதி விற்றபின், ஓராண்டு கழித்துக் கடைக்கு வரும் சிறு பெட்டி. வாங்குபவர் முதற்பொதியை ஆடிப் பார்த்து, அதில் எது குறைகிறது என்று அறிந்த பின்னரே அடுத்ததை வாங்கினார். கூட்டுநிதித் திரட்டல் இவ்வரிசையை மாற்றியது. சோம்பிசைட் 2012 இல் ஏறத்தாழ 7.8 இலட்சம் அமெரிக்க டாலர் திரட்டியது. 2013 இல் 22.5 இலட்சம், 2014 இல் 28.5 இலட்சம், 2015 இல் 40.8 இலட்சம், 2017 இல் 50 இலட்சம் டாலர் என இத்தொகை உயர்ந்தது. குறிப்பிட்ட தொகையைத் தாண்டும்போதெல்லாம் புதிய மாந்தர்களோ சோம்பிகளோ இலவசமாகச் சேர்க்கப்படும் என அறிவிக்கப்பட்டதே இவ்வளர்ச்சிக்கு முதன்மைக் காரணம். இதன் விளைவாக அடிப்படைப் பொதியும் அதன் விரிவாக்கங்களும் ஒரே நாளில் ஒரே பெட்டியில் வந்து சேர்ந்தன. ஒருமுறையேனும் ஆடிப் பார்க்காத விளையாட்டுக்கு விரிவாக்கங்களைத் தேர்ந்தெடுக்க வேண்டிய நிலை வாங்குபவருக்கு ஏற்பட்டது.

நிதி அளித்தோருக்கு மட்டுமே உரியவை என்று சில பொம்மைகளும் மாந்தர்களும் ஒதுக்கப்பட்டமை தொடர்ந்து விவாதத்துக்கு உள்ளாகிறது. பின்னர் கடையில் வாங்குபவர் அவற்றைப் பெற இயலாது. இரண்டாம் விற்பனையில் கூடுதல் விலை கொடுக்க வேண்டும். இவற்றுள் பெரும்பாலானவை மாற்று உருவங்களும் கூடுதல் மாந்தர்களுமே. அவை இல்லாமலும் விளையாட்டு முழுமையாகவே இயங்கும். முன்கூட்டியே பணம் தருவோர் இல்லாவிட்டால் இத்தனை பொம்மைகளுக்கான வார்ப்புச் செலவை ஈடுகட்ட முடியாது என்பது மறுதரப்பின் வாதம். சோம்பிசைட் உரிமை 2025 இல் சிஎம்ஓஎன் நிறுவனத்திடம் இருந்து ஆஸ்மோடி நிறுவனத்துக்கு மாறியது.

முதன்முறையாக இவ்விளையாட்டுகளுக்கு வருவோர், அடிப்படைப் பொதியில் உள்ள ஆட்டக்களங்களைச் சிலமுறை ஆடி முடித்த பின்னரே விரிவாக்கத்தை நாடுவது வழக்கம். அப்போதும் புதிய இடங்களையோ பொம்மைகளையோ மட்டும் சேர்க்கும் பொதியைக் காட்டிலும், புதிய வகை எதிரியையோ புதிய முடிவுகளையோ தரும் பொதி நெடுநாள் பயன்படுகிறது. மேசையின் அளவும் கருத்தில் கொள்ளத்தக்கது. சோம்பிசைட் நிலத்துண்டு ஒவ்வொன்றும் ஏறத்தாழ 25 செ.மீ. பக்கமுள்ள சதுரம். ஒன்பது துண்டுகள் கொண்ட களத்துக்கு முக்கால் மீட்டர் நீள அகலம் தேவைப்படும், ஆட்டக்காரர்களின் தட்டுகளுக்கும் சீட்டுக்கட்டுகளுக்கும் அதற்கு மேலும் இடம் வேண்டும்.